அடுக்கடுக்காய் ஒரு மாயக்காடு

(நம் முன்னாள் மாணவர் சங்கக் கூடலில், மதிய உணவுக்கு முன் ஆற்றிய உரை. மலர்க் குழுவினர் கேட்டுக்கொண்டபடி, பேசியதைப் பேசியபடியே எழுதிக் கொடுத்திருக்கிறேன்.)



சாப்பாட்டுக்கு முன்னால் பேசுகிறவனுக்கு ஒரு ஆபத்து உண்டு. பேச்சு நன்றாக இருந்தாலும் கைதட்டுவார்கள், நன்றாக இல்லாவிட்டால் இன்னும் பலமாகக் கைதட்டுவார்கள். அதனால் நேரே விஷயத்துக்கு வந்துவிடுகிறேன்.

நான் இந்தக் கல்லூரியில் 1971 முதல் 1974 வரை வரலாறு படித்தவன். பிறகு வங்கியில் கணக்குப் பார்த்தே தலை நரைத்தவன். தாவரவியலுக்கும் எனக்கும் இருந்த ஒரே தொடர்பு, அந்தத் துறையின் வராந்தாவில் நிழல் அதிகம் என்பதுதான். அப்படிப்பட்டவன் இன்று காட்டைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன் என்றால், அதற்கு இரண்டு பேர் காரணம். ஒருவன் என் பேரன். இன்னொருவர் இதோ, முதல் வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அவர் யார் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

பேரனுக்குப் பத்து வயது. போன கோடை விடுமுறையில் ஒரு பெரிய சார்ட் பேப்பரை விரித்துப் போட்டுக் காடு வரைந்துகொண்டிருந்தான். கதைப் புத்தகமும் கம்ப்யூட்டர் விளையாட்டும் சேர்ந்து அவன் மண்டைக்குள் ஒரு மந்திர உலகம் இருக்கிறது. அந்தக் காட்டுக்கு ஏழு அடுக்காம். உச்சியில் பறக்கும் ராஜ்ஜியம். அதற்குக் கீழே நிழல் மனிதர்கள். அதற்கும் கீழே முள் காவலர்கள். தரையில் பேசும் காளான். மண்ணுக்கு அடியில் கல்லாகிப்போன அரக்கர்கள். ஒரு அடுக்கிலிருந்து ஒரு கல்லை எடுத்தால் மற்ற அடுக்கெல்லாம் சாபம் பிடித்து வாடிவிடுமாம்.

"தாத்தா, இந்த மாதிரி காடு நெஜமாவே எங்கயாவது இருக்கா?" என்று கேட்டான்.

நான் சிரித்துவிட்டு, "அதெல்லாம் கதையில்தாண்டா" என்று சொல்லியிருக்க வேண்டும். வாய் வரைக்கும் வந்துவிட்டது. ஆனால் சொல்ல முடியவில்லை. ஏனென்றால் அவன் வரைந்த காட்டை நான் பார்த்திருக்கிறேன். அதில் நடந்திருக்கிறேன். வெட்கத்தை விட்டுச் சொன்னால், அந்தச் சாபத்தையும் நானே வாங்கியிருக்கிறேன்.

எங்கள் ஊர்க் காடு

நம் தலைமுறைக்கு மாயக்காடு என்றால் அம்புலிமாமாவில் வேதாளம் தொங்கும் முருங்கை மரம். சினிமாவில் விட்டலாச்சார்யா காட்டிய புகை மூட்டம். எனக்கு இவற்றுக்கெல்லாம் முன்பே ஒரு காடு இருந்தது. வானூர் பக்கம் என் அம்மாவின் ஊர். ஊருக்கு மேற்கே, கொல்லைகளுக்கு நடுவில், கறுத்த பச்சையாய் ஒரு திட்டு. அதற்குள் அய்யனார். வாசலில் வரிசையாய் மண்குதிரைகள். சில குதிரைக்குத் தலை இருக்காது, சிலதுக்கு வால் இருக்காது. சில குதிரைகள் பாதிக்கு மேல் மண்ணுக்குள் போய், முதுகு மட்டும் தெரியும்.

அந்தக் காட்டுக்குச் சட்டம் உண்டு. செருப்போடு நுழையக்கூடாது. சுள்ளி பொறுக்கக்கூடாது. விழுந்த மரம் விழுந்தபடியே கிடக்க வேண்டும். அரிவாள் உள்ளே போகக்கூடாது. பழம் தின்னலாம், ஆனால் மடியில் கட்டிக்கொண்டு வரக்கூடாது. மீறினால் அய்யனார் ராத்திரி குதிரையேறி வந்து கேட்பார். எந்தப் போலீசும் காவலும் இல்லாமல் பல தலைமுறை இந்தச் சட்டம் நடந்தது. ராத்திரியில் காட்டுப் பக்கம் இரண்டு நெருப்புக் கண் தெரியும், மேலே யாரோ சிறகடிப்பார்கள், உள்ளே யாரோ நடப்பார்கள். நாங்கள் பாட்டியின் சேலைக்குள் புகுந்துகொள்வோம்.

இப்படிப்பட்ட கோயில்காடுகள் நம் சுற்றுவட்டாரத்தில் பல உண்டு. கிழக்குக் கடற்கரைச் சாலையில் காலாப்பட்டைத் தாண்டிப் போனால் கீழ்புத்துப்பட்டில் மஞ்சனீஸ்வரர் அய்யனார் கோயில். அங்கே பொங்கல் வைக்காத பாண்டிச்சேரிக் குடும்பம் குறைவு. கடலூர்ப் பக்கம் போனால் திருமாணிக்குழி, குழந்தைகுப்பம். வண்டியை நிறுத்தி, படையல் போட்டு, கிடா விருந்து சாப்பிட்டுத் திரும்பியவர்கள் இங்கே ஏராளம். அந்த மரங்களை நிமிர்ந்து பார்த்தவர்கள் எத்தனை பேர்?

பார்த்தவர்கள் இருக்கிறார்கள். செயின்ட் லூயி தெருவில், கடலைப் பார்த்தாற்போல் இருக்கும் பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தை எல்லோருக்கும் தெரியும். 1954-ல் பிரெஞ்சுக்காரர்கள் ஆட்சியை ஒப்படைத்த மறு ஆண்டு, 1955-ல் தொடங்கியது. ஓலைச்சுவடியும் சமஸ்கிருதமும் மட்டும் அங்கே நடக்கிறது என்று நான் நினைத்திருந்தேன். அங்கிருந்த லெக்ரி, மெஹர் ஹோம்ஜி போன்ற அறிஞர்கள் தென்னிந்தியாவின் தாவரங்களைப் படம் வரைந்தார்கள். அவர்களுக்கு நம் கடற்கரைக் காடு ஒரு புதிராக இருந்தது. பிறகு நம் புதுவைப் பல்கலைக்கழகத்தினர் 1990-களில் திருமாணிக்குழி, குழந்தைகுப்பம் காடுகளுக்குள் நாடா பிடித்து அளந்து, மரம் மரமாய், கொடி கொடியாய் எண்ணினார்கள்.

புதிர் என்னவென்றால் இதுதான். நம் ஊரில் மழை முக்கால்வாசி ஐப்பசி, கார்த்திகையோடு சரி. தை பிறந்தால் வறட்சி. சித்திரை வெயில் எப்படி இருக்கும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆறு மாத வறட்சி தாங்கும் காடு இலையை உதிர்த்துவிட்டு மொட்டையாக நிற்க வேண்டும். அதுதான் வழக்கம். ஆனால் நம் கோயில்காடு அக்னி நட்சத்திரத்திலும் பச்சையாக நிற்கிறது! அதனால் இதற்கு 'வெப்பமண்டல உலர் பசுமைமாறாக் காடு' என்று பெயர் வைத்தார்கள். பெயரிலேயே சண்டை இருக்கிறது பாருங்கள், உலர்ந்த காடு, ஆனால் பசுமை மாறாது. சோழமண்டலக் கரையோரமாக, ஒரு ஒல்லியான பட்டையில்தான் இந்தியாவில் இது இருக்கிறது. இலங்கையின் வறண்ட பகுதியில் இதன் உறவுக்காரக் காடுகள் உண்டு. நம் பக்கம் மிச்சமிருப்பது பெரும்பாலும் அய்யனாரும் அம்மனும் காப்பாற்றிய துண்டு துணுக்குகள்தான்.

மேலிருந்து கீழே

இனி அந்த அடுக்குகளைச் சொல்கிறேன். பேரன் ஏழு அடுக்கு போட்டான். நான் எண்ணியதில் ஆறு வந்தது.

முதல் அடுக்கு உச்சி. பெரிய உயரம் இல்லை. மேற்குத் தொடர்ச்சி மலையில் முப்பது, நாற்பது மீட்டர் மரங்களைப் பார்த்தவர்கள் இதைப் பார்த்தால், "இவ்வளவுதானா?" என்பார்கள். பத்து, பன்னிரண்டு மீட்டர் வந்தால் பெரிசு. உலக்கைப்பாலை, வீரை, நாவல், மகிழம், வேம்பு, ஓரத்தில் ஆல். பாலையின் வைரம் உலக்கை செய்யும் அளவு கெட்டி. பழம் மஞ்சளாய், சின்னதாய், தேனாய் இருக்கும். பால் பிசுக்கு உதட்டில் ஒட்டிக்கொள்ளும். பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் எங்கே போனோம் என்பதை எங்கள் உதடே வீட்டில் சொல்லிக் கொடுத்துவிடும். இந்த மரங்களின் இலை தடிப்பானது, சின்னது, தோல் போன்றது. தண்ணீரைச் சிக்கனமாகச் செலவழிக்கத் தெரிந்த இலை. வங்கிக்காரன் பாஷையில் சொன்னால், வரவு இரண்டு மாதம், செலவு பன்னிரண்டு மாதம், ஆனாலும் கடன் வாங்காமல் குடும்பம் நடத்துகிற இலை.

இரண்டாவது அடுக்கு நிழல் மரங்கள். காயா, இரும்புலி, காட்டெலுமிச்சை. காயாம்பூ வண்ணன் என்று கண்ணனைச் சொல்கிறோமே, அந்தக் காயாதான். பூக்கும்போது கிளையெல்லாம் நீலம் ஒட்டிக்கொண்டது போலிருக்கும். பட்டிமன்றத்தில் காயாம்பூவைப் பற்றி நான் ஒரு மணி நேரம் பேசியிருக்கிறேன். ஆனால் என் அம்மா ஊர்க் காட்டில் முழங்கை இடித்துக்கொண்டு நான் கடந்து போன மரம் அதுதான் என்று எனக்கு நாற்பது வயது வரை தெரியாது. தமிழும் தெரியும், மரமும் தெரியும். இரண்டும் ஒன்றுக்கொன்று தெரியாமலே எனக்குள் இருந்தன.

மூன்றாவது அடுக்கு முள். பேரன் சொன்ன முள் காவலர்கள். களா, காரை, சூரை, சங்கமுள், ஆதொண்டை. சட்டையைப் பிடிக்கும், வேட்டியைக் கிழிக்கும். சூரைக்குள் போய் மாட்டினால் பின்னால் வந்துதான் விடுபட முடியும், முன்னால் போக முடியாது. பார்ப்பதற்கு இதுதான் வீண் புதர். ஆனால் காட்டின் தொட்டில் இதற்குள்தான் இருக்கிறது. பாலையும் வீரையும் போட்ட விதை இந்த முள்ளுக்கு அடியில், நிழலும் ஈரமும் உள்ள இடத்தில்தான் முளைத்து மேலே வரும். வெளியில் முளைத்தால் வெயில் தின்னும், வெயில் விட்டால் ஆடு தின்னும். முள்ளுக்குள் ஆடு வாயை விட முடியாது. அதற்குள் கன்று ஆள் உயரம் வந்துவிடும்.

நான்காவது அடுக்கை அடுக்கு என்று சொல்லலாமா என்று தெரியவில்லை. அது எல்லா அடுக்கையும் தைக்கிற நூல். கொடிகள். மோதிரக்கண்ணி, மிளகரணை, பிரண்டை, நன்னாரி, தண்ணீர்விட்டான், செங்காந்தள். மோதிரக்கண்ணியின் கொக்கி மோதிரம் மாதிரியே சுருண்டிருக்கும். சில மரக்கொடிகள் தொடை பருமன் இருக்கும். அதில்தான் நாங்கள் ஊஞ்சல் ஆடினோம். நம் கடற்கரைக் காட்டின் தனிக் குணமே கொடிதான் என்று ஆய்வாளர்கள் சொல்கிறார்கள். கொடி ஒரு மரத்தின் தலையை இன்னொரு மரத்தின் தலையோடு பின்னிவிடுகிறது. வெளியே அனல் காற்று அடிக்கும்போது உள்ளே நுழைந்தால் ஜில்லென்று இருக்குமே, அந்தக் கூரையில் பாதி கொடிகள் போட்டது.

ஐந்தாவது அடுக்கு தரை. சருகு மெத்தை, மருள், காட்டுக்கருணை, புற்று. புற்றுக்கு மஞ்சள் பூசிப் பால் ஊற்றுகிறோம். உள்ளே நாகம் இருக்கிறதோ இல்லையோ, கறையான் இருக்கிறது. அது என்ன செய்கிறது தெரியுமா? விவசாயம் செய்கிறது! சருகையும் மரத்தூளையும் கொண்டுபோய் அடுக்கி, அதன் மேல் பூஞ்சை வளர்த்து, அதைத் தின்கிறது. மழைக்காலத்தில் இடி இடித்த மறுநாள் புற்றோரம் குடை விரிக்கும் புற்றுக்காளான் அந்தத் தோட்டத்தின் விளைச்சல்தான். பேரன் போட்ட பேசும் காளானுக்கு இதைவிடப் பக்கத்தில் யார் வர முடியும்?

ஆறாவது அடுக்கு மண்ணுக்குள். வேர்கள், வேரோடு கொடுக்கல் வாங்கல் நடத்தும் பூஞ்சை இழைகள், எங்கள் முன்னோர் நேர்ந்துவிட்டுப் புதைந்துபோன குதிரைகள். அதற்கும் கீழே? நம் ஊரிலிருந்து திருவக்கரைக்குப் போய்ப் பாருங்கள். வக்கிரகாளியம்மனைக் கும்பிட்டுவிட்டு எல்லோரும் திரும்பிவிடுகிறோம். பக்கத்திலேயே கல்மரப் பூங்கா. ஏறக்குறைய இரண்டு கோடி ஆண்டுகளுக்கு முன் இருந்த மரங்கள், பட்டையும் வரியும் தெரிகிறபடி கல்லாகிக் கிடக்கின்றன. 1781-லேயே சொன்னரா என்ற பிரெஞ்சு இயற்கையாளர் அதைப் பார்த்து எழுதியிருக்கிறார். கல்லாகிப்போன அரக்கர்கள் என்று பேரன் சொன்னபோது எனக்கு ஏன் தூக்கிவாரிப் போட்டது என்று இப்போது புரிகிறதா?

இந்த ஆறு அடுக்குக்கும் தபால்காரர்கள் உண்டு. உச்சியில் பழம் தின்று அடியில் விதை போடும் குயில், கொண்டைக்குருவி, மைனா. ராத்திரி சிறகடித்தது பழந்தின்னி வௌவால். நெருப்புக் கண் மரநாயுடையது. உள்ளே நடந்தது நரி. நம் கடற்கரைக் காட்டு மரங்களில் பலவும் சதைப்பற்றுள்ள பழம் தருபவை. பறவையும் விலங்கும் வராவிட்டால் அவற்றின் வம்சம் நகராது. ஆக, பாட்டி சொன்ன பேய்கள் எல்லாம் உண்மைதான். அவர்கள் ராத்திரி வேலை பார்க்கும் தோட்டக்காரர்கள், அவ்வளவுதான்.

நான் செய்த கைங்கரியம்

இனி என் கதை. 1995-ல் அம்மா ஊரில் அய்யனார் கோயில் திருப்பணி தொடங்கினார்கள். வங்கிக்காரன், படித்தவன், வெளியூரில் நாலு பேரைத் தெரிந்தவன் என்று என்னைப் பொருளாளர் ஆக்கினார்கள். எனக்கும் பெருமைதான். வசூல் நன்றாக வந்தது. கூட்டத்தில் நானே எழுந்து சொன்னேன்: "முதலில் காட்டைச் சுத்தம் பண்ணணும். பெரிய மரங்கள் இருக்கட்டும், ஒரு மரத்தையும் தொட வேண்டாம். கீழே இருக்கிற முள், புதர், கொடி, சருகு எல்லாத்தையும் எடுத்துட்டா பூங்கா மாதிரி ஆயிடும். பக்தர்கள் உட்காரலாம், குழந்தைகள் விளையாடலாம், பாம்பு பயமும் இருக்காது." எல்லோரும் கைதட்டினார்கள்.

இரண்டு பேர் தட்டவில்லை. ஒருவர் பூசாரித் தாத்தா. "தம்பி, பெரியவங்க அரிவாளை உள்ள கொண்டுபோகக் கூடாதுன்னு சொன்னப்போ பெரிய மரம், சின்ன மரம்னு பிரிச்சுச் சொல்லலியே" என்றார். நான், "தாத்தா, மரத்தை நாங்க தொடல, குப்பையைத்தான் எடுக்கறோம்" என்றேன். அவர் பேசாமல் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

இன்னொருவர் என் கல்லூரி நண்பர், தாவரவியல்காரர். திருப்பணியைப் பார்க்க வா என்று நான்தான் பெருமையாகக் கூட்டிக்கொண்டு போனேன். அவர் களாப் புதருக்குள் குனிந்து, ஒரு சாண் உயரக் கன்றுகளை எனக்கு எண்ணிக் காட்டினார். "இது பாலை, இது வீரை, இது காயா. உன் காட்டோட பேரப்பிள்ளைங்க இவங்கதான். மேலே நிக்கறது தாத்தன் பாட்டன். பேரப்பிள்ளைங்களை அடிச்சு விரட்டிட்டு, தாத்தாக்களுக்குத் திண்ணை கட்டப் போறியாடா?" என்று கேட்டார். நான் கேட்கவில்லை. "நீ எல்லாத்துக்கும் லெக்சர் அடிப்ப" என்று கிண்டல் செய்தேன். அவர் அதற்குப் பிறகு ரொம்ப நாள் என்னோடு சரியாகப் பேசவில்லை.

நாலு நாளில் சுத்தம் முடிந்தது. நாற்பது வண்டி முள்ளும் கொடியும் போனது. மரங்களைச் சுற்றிச் சிமெண்ட் மேடை, நடுவில் டைல்ஸ். கும்பாபிஷேக மலரில் என் போட்டோ வந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், பார்க்க அழகாகத்தான் இருந்தது.

முதல் இரண்டு மூன்று வருஷம் ஒன்றும் தெரியவில்லை. பிறகு ஒவ்வொன்றாய்த் தெரிந்தது. உள்ளே இருந்த ஜில்லென்ற காற்று போய்விட்டது. நாலு பக்கமும் திறந்துகொண்டதால் அனல் நேரே வந்தது. புற்று உதிர்ந்தது. காளான் வரவில்லை. கொண்டைக்குருவி கூடு கட்டப் புதர் இல்லை. பாலை பழுத்தது, பழம் டைல்ஸ் மேல் விழுந்தது, ஆயா பெருக்கித் தள்ளினார். ஒரு விதைகூட முளைக்க இடமில்லை.

2011 டிசம்பர் 30. தானே புயல். நம்மில் யாரும் அந்த விடிகாலையை மறந்திருக்க மாட்டோம். மணிக்கு 140 கிலோமீட்டர் வேகக் காற்று பாண்டிக்கும் கடலூருக்கும் நடுவில் கரை கடந்தது. நம் தாவரவியல் பூங்காவில், ஊர்ச் சாலைகளில், முந்திரிக் கொல்லைகளில் எத்தனை மரம் சாய்ந்தது! கோயில்காடுகளிலும் மரம் விழுந்தது. எங்கள் காட்டிலும் விழுந்தது. புயல் பாரபட்சம் பார்க்கவில்லை.

வித்தியாசம் பிறகுதான் தெரிந்தது. புதர் இருந்த காடுகளில், பெரிய மரம் விழுந்த இடத்தில் வெளிச்சம் பட்டதும், காத்துக்கொண்டிருந்த கன்றுகள் குபீரென்று எழுந்தன. எங்கள் காட்டில் எழுவதற்கு யாருமில்லை. தாத்தா செத்த வீட்டில் கொள்ளி வைக்கப் பேரன் இல்லை. ஒரு வீரை மரம் வேரோடு புரண்டு கிடந்தது. சிமெண்ட் மேடை பாளம் பாளமாய் அதன் வேரில் தொங்கிக்கொண்டிருந்தது. அந்த மேடைக்குச் செலவு எழுதிய வவுச்சரில் என் கையெழுத்து.

பூசாரித் தாத்தா அப்போது உயிரோடு இல்லை. இருந்திருந்தாலும் என்னை ஒன்றும் சொல்லியிருக்க மாட்டார். அதுதான் இன்னும் உறுத்துகிறது.

திரும்பி வருமா?

வரும். ஆனால் மந்திரத்தால் வராது. நமக்குப் பக்கத்திலேயே சாட்சி இருக்கிறது. 1968 பிப்ரவரி 28-ல் ஆரோவில் தொடங்கியபோது அந்த மேட்டுநிலம் எப்படி இருந்தது என்று நம் வயதுக்காரர்களுக்கு ஞாபகம் இருக்கும். செம்மண் வெட்ட வெளி. மழை பெய்தால் மண் கரைந்து சிவப்பாய்க் கடலுக்கு ஓடும். அங்கே வந்தவர்கள் முதலில் மரம் நடவில்லை, மண்கரை போட்டுத் தண்ணீரை நிறுத்தினார்கள். பிறகு சீக்கிரம் வளரும் வெளிநாட்டு மரங்களை நிழலுக்கு வைத்தார்கள். அந்த நிழலில் நம் பாலையையும் வீரையையும் காயாவையும் கொண்டுவந்து வைத்தார்கள். கூடவே வேலை பார்த்தது சுற்றுக் கிராமத்து ஆண்களும் பெண்களும். விதை எங்கிருந்து வந்தது? மிச்சமிருந்த கோயில்காடுகளிலிருந்து! பாட்டிகள் பயமுறுத்திக் காப்பாற்றி வைத்த விதைதான் இன்று காடாகியிருக்கிறது.

நம் பெருமையைப் பற்றி ஒரு சின்ன விஷயம். நம் மாநிலத்து மலர் என்று 2007-ல் நாகலிங்கப்பூவை அறிவித்தார்கள். அழகான பூ, நான் மறுக்கவில்லை. ஆனால் அந்த மரம் தென் அமெரிக்காவிலிருந்து வந்தது. முந்திரியும் அந்தப் பக்கத்து மரந்தான். வந்தாரை வாழவைப்பது நம் ஊர்ப் பண்பு, சரி. சொந்தக்காரனுக்கும் ஒரு திண்ணை வேண்டாமா? இந்தக் கூட்டத்தில் வீரை மரத்தை அடையாளம் காட்டத் தெரிந்தவர்கள் கை தூக்குங்கள் பார்க்கலாம். ...ஒன்று, இரண்டு, மூன்று. அதில் ஒருவர் முதல் வரிசைக்காரர்.

2012-ல் நான் அவர் வீட்டுக்குப் போனேன். பதினேழு வருஷத்துக்குப் பிறகு. "மன்னிச்சுடுடா" என்று சொல்ல ஒத்திகை பார்த்துக்கொண்டு போனேன். அவர் சொல்லவிடவில்லை. "டைல்ஸை எப்போ பேக்கற?" என்றார். அவ்வளவுதான். அவர் மனைவி காபி கொண்டுவருவதற்குள் ஒரு காகிதத்தில் பட்டியல் போட ஆரம்பித்துவிட்டார்.

முதலில் ஊரைச் சம்மதிக்க வைத்து மேற்குப் பக்கத்து டைல்ஸைப் பெயர்த்தோம். பிறகு முள் நட்டோம். ஆமாம், காசு கொடுத்து வெட்டிய களாவையும் காரையையும் காசு கொடுத்து நட்டோம். ஊரே சிரித்தது. மூன்றாம் வருஷம் அந்த முள்ளுக்குள் யாரும் நடாத வேப்பங்கன்று, நாவல் கன்று வந்தன. பறவை போட்ட கணக்கு. ஆறாம் வருஷம் ஒரு பாலை. 2024 நவம்பர் 30 ராத்திரி ஃபெஞ்சல் புயலில் பாண்டியில் ஒரே நாளில் ஏறக்குறைய 48 சென்டிமீட்டர் மழை கொட்டியதே, அப்போது சிமெண்ட் போட்ட கிழக்குப் பக்கத்திலிருந்து தண்ணீர் ஆறாக ஓடியது. முள் நட்ட மேற்குப் பக்கம் குடித்துக்கொண்டது. மறுநாள் ஊர்க்காரர்கள் தாங்களே வந்து பார்த்தார்கள். அதற்குப் பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

ஆனாலும் கதை முடியவில்லை. மீதமிருக்கும் கிழக்குப் பக்கத்து ஒரு ஏக்கரில் கல்யாண மண்டபமும் வண்டி நிறுத்துமிடமும் கட்டலாம் என்று ஊரில் ஒரு சாரார் சொல்கிறார்கள். அவர்கள் கெட்டவர்கள் இல்லை. 1995-ல் நான் எப்படி இருந்தேனோ அப்படி இருக்கிறார்கள். வரும் தை மாதம் ஊர்க்கூட்டம். அதில் நான் பேசப் போகிறேன். முப்பது வருஷத்துக்கு முன்னால் எந்த இடத்தில் நின்று கைதட்டு வாங்கினேனோ, அதே இடத்தில் நின்று, "அன்னிக்கு நான் சொன்னது தப்பு" என்று சொல்லப் போகிறேன். என்ன முடிவு வரும் என்று தெரியவில்லை.

அதனால் உங்களிடம் இரண்டு வேண்டுகோள். முன்னாள் மாணவர்களுக்கு ஒன்று: உங்கள் குலதெய்வக் கோயிலில் திருப்பணி என்று ரசீது புத்தகம் வந்தால் தாராளமாக எழுதுங்கள். எழுதிவிட்டு, "காட்டுல கீழ் அடுக்கை என்ன பண்ணப் போறீங்க?" என்று ஒரு வார்த்தை கேளுங்கள். நன்கொடை கொடுக்கிறவன் கேட்டால் பதில் சொல்வார்கள், இது பொருளாளர் அனுபவம். இன்றைய மாணவர்களுக்கு ஒன்று: நம் கல்லூரிக் கிணற்றுக்குப் பின்னால் காலி இடம் இருக்கிறது. முதல்வர் அனுமதி கொடுத்துவிட்டார். அங்கே ஒரு நாற்றங்கால் போடுவோம். பாலை பழுக்கும் பருவத்தில் ஞாயிற்றுக்கிழமைகளில் எங்களோடு வாருங்கள். விதையைப் பொறுக்கியதும் சீக்கிரம் போட்டுவிட வேண்டும், காயவிட்டால் பல விதைகள் முளைக்காது. பழத்தை நீங்கள் தின்னலாம். மடியில் கட்டிக்கொண்டு போகத்தான் கூடாது. விதைக்கு மட்டும் அய்யனாரிடம் விலக்கு வாங்கியிருக்கிறோம்.

பேரன் கேள்விக்கு வருகிறேன். போன விடுமுறையில் அவனை அங்கே கூட்டிக்கொண்டு போனேன். வாசலில் செருப்பைக் கழற்றச் சொன்னேன். மேற்குப் பக்க முள்ளுக்குள் குனிந்து அவன் ரொம்ப நேரம் பார்த்தான். ஒரு சாண் உயரத்தில் ஒரு கன்று. "இது என்ன தாத்தா?" என்றான். நான் பெயர் சொல்லவில்லை. பின்னால் நின்ற என் நண்பரைக் கூப்பிட்டேன். முழங்கால் வலியோடு அவர் குனிந்து பார்த்துவிட்டு, "வீரை" என்றார்.

அந்த நண்பர்தான் முதல் வரிசையில் இருக்கிறார். அன்று அவர் என்னைச் சொல்லவிடாததை இந்த மேடையில், உங்கள் எல்லோர் முன்னிலும் சொல்லிவிடுகிறேன். மன்னிச்சுடுடா.

சாப்பாடு ஆறுகிறது.